மலை ஜோடு துடைத்த கை

யுத்தம் முடிந்த வருஷம் என்னைச் சங்கரன்கோவிலில் கட்டிக்கொடுத்தார்கள். எனக்குப் பிறந்த ஊர் இளையரசனேந்தல் பக்கம், வானம் பார்த்த பூமி. எங்கள் வீட்டு ஆண்கள் யாரும் காலில் ஒன்றும் போடுவதில்லை. கரிசலில் நடந்து நடந்து பாதம் பாளம் பாளமாக வெடித்திருக்கும். பூட்ஸ் என்ற சாமானை நான் முதன்முதலில் கிட்டத்தில் பார்த்தது புருஷன் வீட்டுப் பின்வாசலில்தான்.

அவருக்குக் காட்டு இலாகாவில் உத்தியோகம். புளியங்குடிக்கு மேற்கே மலை. திங்கட்கிழமை காலையில் பஸ் ஏறினால் சனிக்கிழமை சாயந்திரம் வருவார். அந்த வாரம் மலையில் நடந்த ஜோடுகளையெல்லாம் ஒரு சாக்கில் கட்டிக்கொண்டு வந்து கிணற்றடியில் கொட்டுவார். மொத்தம் மூன்று ஜோடி. ஒன்று பட்டாளத்துப் பூட்ஸ். கணுக்காலுக்கு மேல் ஏறும் தடித்த தோல், அடியில் ஆணி, குதியில் இரும்பு லாடம். இன்னொன்று ஓடைப் பாறையில் வழுக்காமல் இருக்க ரப்பர் அடி வைத்த காக்கி கான்வாஸ். மூன்றாவது, ஊருக்குத் திரும்பிப் போன ஒரு வெள்ளைக்காரர் அவருக்குக் கொடுத்துவிட்டுப் போனது. தோலின் உள்பக்கம் வெளியே வருகிற மாதிரி தைத்தது. தடவினால் பூனைக்குட்டியின் முதுகு போல மெத்தென்று இருக்கும். தவிட்டு நிறம். என் மாமியார் அதற்கு வெல்வெட்டு ஜோடு என்று பேர் வைத்திருந்தாள்.

அதுவரை ஆபீஸ் பியூன் ஒருவன்தான் வந்து துடைத்துக்கொண்டிருந்தான். கல்யாணம் முடிந்த முதல் சனிக்கிழமையே அவனை நிறுத்திவிட்டார்.

"வீட்டுல ஆள் வந்தாச்சுல்லா" என்றார் அவனிடம். என்னிடம் ஒன்றும் சொல்லவில்லை. சாக்கை மட்டும் என் முன்னால் தள்ளிவிட்டார்.

அன்று சாயந்திரம் நான் துடைத்து முடித்துவிட்டு அடுப்படிக்குப் போனேன். மாமியாரை நான் அத்தை என்று கூப்பிடுவேன். அத்தை வாசலை மறித்துக்கொண்டு நின்றாள்.

"தோலத் தொட்ட கையோட உள்ள வந்திராத. கெணத்தடில தலைக்கு ஊத்திட்டு வா."

அந்த வீட்டில் இருந்தவரை அதுதான் சட்டம். மார்கழிக் குளிரிலும் தலைக்கு ஊற்ற வேண்டும். பிள்ளை உண்டாகி, காதுவலியில் துடித்துக்கொண்டிருந்தபோதும் ஊற்ற வேண்டும். ஈரச் சேலையோடு சோறு பொங்கி அவருக்குப் பரிமாறுவேன். அவருக்கு ஜோடு துடைக்க என் கை வேண்டும். அத்தைக்கு ஜோடு துடைத்த கை ஆகாது. இரண்டு பேரும் ஒரே வீட்டில்தான் இருந்தார்கள். இதைப் பற்றி ஒருவருக்கொருவர் ஒரு வார்த்தை பேசிக்கொண்டதில்லை.

கான்வாஸை நான் சீக்கிரம் கற்றுக்கொண்டேன். அது துணிதானே. முதல் வாரம் மட்டும் துணி காய்கிற இடத்தில் காயட்டும் என்று மொட்டைமாடி வெயிலில் வைத்துவிட்டேன். ரப்பர் விறைத்து ஓரத்தில் பிளந்துவிட்டது. காதோடு சேர்த்து ஒரு அறை விழுந்தது. கொஞ்ச நாள் அந்தக் காதில் சில்வண்டு கத்திக்கொண்டே இருந்தது. அதற்குப் பிறகு சேற்றைக் காயவிட்டுத் தட்டி உதிர்ப்பேன். கயிற்றை உருவித் தனியே போடுவேன். பச்சைத் தண்ணீரில் சோப்புப் போட்டுத் தேங்காய் நாரால் தேய்த்து, மாட்டுத்தொழுவ நிழலில் கவிழ்த்து வைப்பேன். அதில் அவர் குற்றம் சொன்னதில்லை.

பூட்ஸ்தான் என்னைப் படுத்தியெடுத்தது.

கல்யாணமாகி வந்த முதல் ஐப்பசி. மலையில் அந்த வாரம் விடாத மழை. பூட்ஸ் ஊறிப்போய், இடித்த புளி மாதிரி வந்தது. உள்ளே கைவிட்டால் செத்த அட்டைகள், உறைந்த ரத்தம். ஞாயிற்றுக்கிழமை எங்கள் ஊரிலும் மழை பிடித்துக்கொண்டது. ஒன்றும் உலரவில்லை. விடிந்தால் அவர் போட்டுக்கொண்டு போக வேண்டும். நான் சவக்காரம் போட்டு உள்ளும் புறமும் தேய்த்துக் கழுவினேன். அடுப்படிக்குள் தோலைக் கொண்டுபோக முடியாது. பின்கட்டில் வெந்நீர் அடுப்பு உண்டு. அதில் தணல் கிடந்தது. பக்கத்தில் சாய்த்து வைத்தேன்.

காலையில் எடுத்தபோது ஈரம் துளிகூட இல்லை. எனக்கு முதலில் சந்தோஷமாகத்தான் இருந்தது. பிறகுதான் பார்த்தேன். விரல் மடங்குகிற இடத்தில் தோல் குறுக்கே வெடித்திருந்தது. அடி ஒரு பக்கம் வாயைத் திறந்துகொண்டிருந்தது. தட்டினால் காய்ந்த பனையோலைச் சத்தம்.

அவர் வந்து கையில் எடுத்தார். மடக்கிப் பார்த்தார். வெடிப்பு இன்னும் கொஞ்சம் ஓடியது. கத்துவார், அடிப்பார் என்று நான் தலையைக் குனிந்துகொண்டு நின்றேன். அவர் ரொம்பத் தணிந்த குரலில், "உக்காரு" என்றார்.

துவைக்கிற கல்லில் உட்கார்ந்தேன்.

"காலை நீட்டு."

கல்யாணத்தன்று அம்மி மிதிக்கும்போது என் காலைப் பிடித்தார். அதற்குப் பிறகு அவர் என் காலைத் தொட்டது அன்றைக்குத்தான். ஒரு காலில் மாட்டினார், மறு காலில் மாட்டினார். கயிற்றைத் தண்ணீரில் நனைத்து, ஒவ்வொரு கண்ணாக இழுத்து இறுக்கி, முடிச்சின் மேல் முடிச்சாகப் போட்டார். அவசரமே இல்லை. பிறகு தன் பையை எடுத்து என் கையில் கொடுத்தார்.

"பஸ் ஸ்டாண்டு வரைக்கும் தூக்கிட்டு வா. வெந்த தோலு கால்ல எப்படி இருக்கும்னு ஒனக்குத் தெரியணும்லா."

அத்தை பின்வாசலில் நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் ஏதாவது சொல்லுவாள் என்று நான் அவள் முகத்தைப் பார்த்தேன். சொன்னாள்.

"ஏலே, சன்னதித் தெரு வழியாக் கூட்டிட்டுப் போவாத. தோலும் காலுமா, சாமி இருக்க இடம்."

"சுத்திப் போறேன்" என்றார் அவர்.

அப்படியாக எனக்கு நடை இன்னும் கூடிப்போயிற்று. பூட்ஸ் என் காலுக்குப் பெரிசு. ஒவ்வொரு அடிக்கும் குதி உள்ளே ஏறி இறங்கி உரசியது. வெடித்த இடம் மடங்கும்போதெல்லாம் விரல் மேல் பல் பதிகிற மாதிரி கடித்தது. சேறு படாமல் சேலையைத் தூக்கினால் பூட்ஸ் தெரிந்தது. விட்டால் தடுக்கியது. லாடம் வேறு டக் டக்கென்று வீடு வீடாக ஆளைக் கூப்பிட்டது. அவர் கான்வாஸைப் போட்டுக்கொண்டு முன்னால் நடந்தார். ஒருதரம்கூடத் திரும்பவில்லை. சத்தம் பின்னால் வருகிறதா என்று மட்டும் கேட்டுக்கொண்டார் என்று நினைக்கிறேன். நான் நின்றால் அவரும் நின்றார்.

பஸ் ஸ்டாண்டில் புளியங்குடியிலிருந்து வந்த எலுமிச்சங்காய்க் கூடைகளை இறக்கிக்கொண்டிருந்தார்கள். கூடைக்காரி ஒருத்தி என் காலைப் பார்த்துவிட்டாள்.

"ஏட்டி, பட்டாளத்துக்குப் பொம்பளையும் எடுக்காங்களா?"

எல்லோரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். வெளி ஆட்கள் மத்தியில் அவர் சிரித்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. வயசான ஒருத்தர் மட்டும் சிரிக்காமல் கிட்டே வந்தார்.

"என்ன வே இது, வீட்டுப் பொம்பளப்பிள்ள கால்ல பூட்ஸு?"

"ஆசப்பட்டா அண்ணாச்சி. போட்டுத்தான் பாக்கட்டுமேன்னு விட்டேன்."

"ஆசையா" என்றார் பெரியவர். என் முகத்தை ஒருதரம் பார்த்துவிட்டு அவரும் பஸ்ஸில் ஏறிக்கொண்டார். அப்போது பஸ் கரிப்புகையில்தான் ஓடும்; பின்னால் இருந்த கரி அடுப்பைச் சுற்றிச் சுற்றி ஊதிவிட்டார்கள். பஸ் கிளம்பிப் போயிற்று.

திரும்பி வந்தது எப்படி என்று எனக்குச் சரியாக ஞாபகமில்லை. கிணற்றடியில் உட்கார்ந்து முடிச்சை அவிழ்க்கப் பார்த்தேன். நனைந்த கயிறு உப்பி இறுகிக் கிடந்தது. நகம்தான் பிய்ந்தது.

"அத்தை, முடிச்ச மட்டும் அவுத்துவிடுங்க."

"தோலத் தொடச் சொல்லுதியா என்னைய? வெள்ளிக்கிழம வெளக்கேத்துத கை."

அருவாமணையை எடுத்துக் கயிற்றை அறுத்தேன். பூட்ஸோடு குதியின் தோலும் வந்தது. அத்தை அருவாமணையைக் கம்பால் தள்ளிக்கொண்டுபோய் எருக்குழியில் போட்டாள். நல்ல இரும்பு, என் அம்மா வீட்டுச் சீர், இவளால் போச்சு என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் ஒரு மாசம் புலம்பினாள். என் கால் புண் சீழ் வைத்துக் கட்டைவிரல் நகம் கழன்றது. அப்போது ஒருநாள் கோயிலிலிருந்து புண்ணுக்குப் பூசுகிற புற்றுமண் கொண்டுவந்து, என் கையில் தராமல், படியில் வைத்துவிட்டுப் போனாள். அவளிடமிருந்து எனக்கு வந்த தயவு அவ்வளவுதான். அதையும் எழுதிவிடுகிறேன்.

அடுத்த சனிக்கிழமை அவர் வேறு பூட்ஸோடு வந்தார். நான் நொண்டிக்கொண்டு சாக்கை எடுக்கப் போனேன். அன்றைக்குத்தான் சொன்னார்.

"தோல நெருப்புல காட்டப்படாது. சவக்காரம் ஆகாது. சேறு காய்ஞ்ச பொறவு ஈரத்துணியால தொடைக்கணும். உள்ள உமிய அடைச்சு நெழல்ல வையி. நல்லாக் காய்ஞ்சதும் வெளக்கெண்ணெயும் தேன்மெழுகும் காய்ச்சி, கையால தேய்ச்சு ஏத்து. தையல்ல கூட ஏத்து."

எல்லாம் அவருக்குத் தெரிந்தே இருந்தது. போன வாரமும் தெரியும். சொல்லாமல் இருந்து பார்ப்பதுதான் அவருக்குப் பிடித்திருந்தது என்பது எனக்குப் புரிய இன்னும் நாளாயிற்று.

வெல்வெட்டு ஜோடுக்கு மட்டும் அவர் முன்கூட்டியே சொல்லியிருந்தார். அது கெட்டுப்போவதை அவரால் தாங்க முடியாது. தண்ணீர் படக் கூடாது, எண்ணெய் படக் கூடாது, வெயில் கூடாது. மயிர் படிந்த வாட்டத்துக்கு உலர்ந்த பிரஷ்ஷால் தேய்க்க வேண்டும். கறை இருந்தால் பழைய ரொட்டியின் உள்சதையைப் பிய்த்து அதன்மேல் உருட்டித் தேய்க்க வேண்டும். வெள்ளைக்காரர் அப்படித்தான் சொல்லிக் கொடுத்தாராம். வாரம் தவறாமல் ஒரு பன்ரொட்டியைக் காகிதத்தில் சுற்றிக் கொண்டுவருவார். அது மாடத்தில் கிடந்து காயும். எங்கள் ஊரில் அப்போது ரொட்டி என்பது காய்ச்சல்காரர்கள் தின்கிற பண்டம். மற்றவர்கள் வாங்குவதில்லை. கடைகளில் எப்போதும் கிடைப்பதும் இல்லை.

எனக்கு ஒரு பெண் பிறந்தாள். அவளுக்கு நடை வந்து, பேச்சு வந்த காலத்தில் விட்டு விட்டு வருகிற முறைக்காய்ச்சலில் விழுந்தாள். காய்ச்சல் விட்ட பிறகு டாக்டர், "சோறு இப்ப வேண்டாம். ரொட்டியப் பால்ல நனைச்சுக் கொடுங்க" என்றார். ஞாயிற்றுக்கிழமை. கடையில் ரொட்டி இல்லை. பிள்ளை பசியில் அழக்கூடத் தெம்பில்லாமல் முனகிக்கொண்டு கிடந்தாள். நான் மாடத்தில் இருந்த ரொட்டியில் பாதியைப் பிய்த்துப் பாலில் நனைத்து அவள் வாயில் வைத்தேன். இரண்டாவது துண்டை அவளே கையால் வாங்கிக்கொண்டாள். காய்ச்சல் தொடங்கியதிலிருந்து அவள் எதையும் கேட்டு வாங்கியது அன்றுதான்.

அவர் பின்வாசலில் வந்து நின்றார். மாடத்தைப் பார்த்தார்.

"ரொட்டி எங்க?"

"பாதியப் பிள்ளைக்குக் கொடுத்தேன். டாக்டர் சொன்னாரு."

"அது எதுக்கு வாங்குனது?"

நான் பிள்ளையின் வாயோரம் ஒட்டியிருந்த பாலைத் துடைத்தேன்.

"கேக்கேம்லா. எதுக்கு வாங்குனது?"

"ஜோடுக்கு."

"அப்ப ஜோடுக்குக் கொடு."

பிள்ளையைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டார். கொஞ்சுகிற மாதிரி கன்னத்தைப் பிடித்து, வாய்க்குள் விரலைவிட்டு, மென்றுகொண்டிருந்ததை வழித்து எடுத்து முற்றத்தில் எறிந்தார். காக்கை வந்து கொத்திக்கொண்டு போயிற்று. மீதிப் பாதியை என் கையில் கொடுத்து ஜோடைத் தேய்க்கச் சொன்னார். பிள்ளையை எனக்கு எதிரே உட்கார்த்திவைத்தார். அந்த வாரம் ஜோடில் கறையே இல்லை. இருந்தாலும் தேய்த்தேன். ரொட்டி உதிர்ந்து உதிர்ந்து தரையில் விழுந்தது. பிள்ளை இரண்டு கையையும் சேர்த்துக் குவித்து நீட்டினாள், அதில் விழட்டும் என்று. விழுந்த துகள் தவிட்டு நிறமாக இருந்தது.

"கூட்டிப் பெருக்கிரு" என்று சொல்லிவிட்டு அவர் எழுந்து குளிக்கப் போனார்.

அழுகை வரவில்லை எனக்கு. வாட்டம் தப்பித் தேய்த்துவிடக் கூடாது, தோலில் திட்டு விழுந்துவிடும் என்கிற நினைப்பு மட்டும்தான் இருந்தது. பிள்ளையின் பசிக்கு எதிரே உட்கார்ந்துகொண்டு நான் அதைத்தான் நினைத்தேன். இன்றைக்கும் என்னை விடாமல் இருப்பது அதுதான். பிள்ளை பிழைத்துக்கொண்டாள். கஞ்சித் தண்ணீரிலேயே தேறினாள். ஆனால் ரொம்ப நாள் வரைக்கும் வளர்த்தி இல்லாமல் நறுங்கிப்போய் இருந்தாள்.

அதற்குப் பிறகு அவர் வருவது கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்தது. புளியங்குடியில் வீடு எடுத்திருக்கிறேன், வேலை அதிகம் என்று அத்தைக்குச் சொல்லி அனுப்பினார். அவர் வராவிட்டாலும் சாக்கு வந்தது. சனிக்கிழமை சாயந்திரம் பஸ் கண்டக்டர் இறக்கிக் கொடுப்பார்.

"யக்கா, சாரு கொடுத்துவிட்டாரு."

துடைத்து, திங்கட்கிழமை காலையில் நானே கொண்டுபோய் அதே பஸ்ஸில் ஏற்றுவேன். அவர் இல்லாத வீட்டில் அவருடைய ஜோடுகளைத் துடைப்பதில் எனக்கு ஒருவகை நிம்மதிகூட இருந்தது. அடிக்க ஆளில்லை. எந்தப் பக்கம் நடந்தார், ஓடையில் இறங்கினாரா, மேல்காட்டுக்குப் போனாரா என்று மண்ணைப் பார்த்தே சொல்லிவிடுவேன். கொஞ்ச நாளில் பூட்ஸில் மலை மண் வருவது குறைந்துபோயிற்று. தெருப் புழுதிதான் வந்தது. அப்போதும் எனக்கு ஒன்றும் தோன்றவில்லை.

ஒரு சனிக்கிழமை சாக்கைக் கவிழ்த்தேன். பெரிய ஜோடுகளோடு சின்னதாக ஒரு ஜோடி விழுந்தது. வெள்ளைக் கான்வாஸ். என் உள்ளங்கை நீளம்தான் இருக்கும். முன்னால் சேறு. இடது கயிறு சப்பிச் சப்பி நூலாகியிருந்தது.

என் மகள் அதற்குள் ஓடிவந்து காலை நுழைத்தாள். முன்கால் மட்டும் போயிற்று, குதி ஏறவில்லை. அப்படியே இழுத்து இழுத்துக் கிணற்றைச் சுற்றி நடந்தாள். அவள் காலில் அதுவரை எதுவும் போட்டதில்லை.

அத்தை எட்டிப் பார்த்தாள்.

"கழட்டுட்டி. அது உன் தம்பிக்குள்ளது."

நான் அத்தையைப் பார்த்தேன்.

"எந்தத் தம்பி அத்தை?"

"அங்கன ஒருத்திய வச்சிருக்கான். ஆம்பளப்பிள்ள பொறந்திருக்கு. ஒனக்குப் பொறக்கல. இதுல கேக்கதுக்கு என்ன இருக்கு?"

கீரை ஆய்ந்துகொண்டே சொன்னாள். எவ்வளவு நாளாகத் தெரியும் என்று நான் கேட்கவில்லை. பிள்ளையின் காலிலிருந்து அதைக் கழற்றினேன். அவள் அழுதாள். எல்லாவற்றையும் சேற்றோடு சாக்கில் போட்டுக் கட்டினேன். ஞாயிற்றுக்கிழமை முழுக்கச் சாக்கு கிணற்றடியில் கட்டினபடியே கிடந்தது. அத்தை அதைச் சுற்றிச் சுற்றி வந்தாளே தவிர வாயைத் திறக்கவில்லை. திங்கட்கிழமை பஸ் ஸ்டாண்டுக்குப் போய்க் கண்டக்டரிடம் நீட்டினேன்.

"இனிமே இங்க அனுப்ப வேண்டாம்னு சாருகிட்டச் சொல்லுங்க."

கண்டக்டருக்கு விஷயம் தெரியும் போலிருக்கிறது. சாக்கை வாங்காமல் கையைப் பிசைந்தார். "நான் எப்படிக்கா இதச் சொல்லுவேன்?"

"நான் சொன்னேன்னு சொல்லுங்க" என்று சாக்கை நானே பஸ்ஸுக்குள் வைத்துவிட்டு வந்தேன்.

அந்தச் சனிக்கிழமை சாக்கு வரவில்லை, அவர் வந்தார். பூட்ஸோடு நடை தாண்டி, கூடம் தாண்டி, நேரே அடுப்படிக்குள் வந்தார். அத்தை பதறிப்போய், "ஏலே, பூட்ஸோட அடுப்படிக்குள்ள போவாதலே" என்றாள். அவர் என் தலைமுடியைப் பிடித்துக் கிணற்றடிக்கு இழுத்துக்கொண்டு போனார்.

"எந்தக் கையாலட்டி சாக்கக் கட்டுன?"

வலது கையைத் துவைக்கிற கல்லில் வைத்து அழுத்திக்கொண்டார். ஒரு பூட்ஸைக் கழற்றினார். லாடம் அடித்த குதியால் கையின் மேல் இறக்கினார். மறுபடியும் ஓங்கினார். அப்போது அத்தை பின்வாசலிலிருந்து சொன்னாள்.

"ஏலே, வலது கை அது. நாளைக்கு எனக்கு யாரு பொங்கிப்போடுவா?"

அவர் நிறுத்திக்கொண்டார். அவள் சொன்னதில் இருந்த நியாயம் அவருக்குப் பட்டது. பூட்ஸை மாட்டிக்கொண்டு, காப்பி குடித்துவிட்டு, சாயந்திர பஸ்ஸுக்குப் போய்விட்டார்.

வைத்தியர் வந்து முட்டை வெள்ளையும் மூங்கில் பட்டையும் வைத்துக் கட்டினார். எலும்பு கோணலாகக் கூடியது. கடைசி இரண்டு விரல்கள் மடங்கவே இல்லை. என் அண்ணன் ஊரிலிருந்து வந்தான். கட்டைப் பார்த்தான். அத்தை வைத்த சாப்பாட்டைச் சாப்பிட்டான். புறப்படும்போது என் பக்கம் திரும்பாமல், "பொறுத்துப் போ தாயி, நான் சொல்லுதுக்கு என்ன இருக்கு" என்றான். வண்டி மாடுகளுக்குத் தண்ணீர் காட்டிவிட்டுப் போய்விட்டான்.

அதோடு சாக்கு வருவது நின்றது. நான் மாட்டேன் என்று சொன்னதால் நிற்கவில்லை. பிரஷ்ஷைப் பிடிக்க என் கைக்கு முடியாமல் போனதால் நின்றது. வேலை அங்கே இருந்தவளுக்குப் போயிற்று.

அவளை நான் பார்த்தது எங்கள் கோயில் ஆடித்தபசுத் திருவிழா அன்று. ஊர் முழுக்க ஜனம். தபசு பார்க்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் பஸ் ஏறியிருக்கிறாள். மத்தியானம் பின்வாசலில் யாரோ நிற்கிறார்களே என்று போனேன். என்னைவிடச் சின்னவள். ஒரு துணிப்பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டிருந்தாள். கழுத்தில் சூடு பட்ட தழும்பு.

"அக்கா, நான் புளியங்குடிலேருந்து வாரேன்" என்றாள்.

யார் என்று நான் கேட்கவில்லை. அவள் பையைத் திறந்தாள். வெல்வெட்டு ஜோடு. முன்பாதி முழுக்கக் கருத்து, நனைந்த எலிபோல மயிர் ஒட்டிக்கிடந்தது.

"பூட்ஸுக்குப் போடுத மாதிரி வெளக்கெண்ணெ போட்டுட்டேன்."

"எண்ணெ படப்படாதுன்னு ஒனக்கு யாரும் சொல்லலையா?"

"அவரு சொல்லமாட்டாரே அக்கா. தப்பாச் செஞ்ச பொறவுதான சொல்லுவாரு."

இந்த ஜோடுக்கு மட்டும் எனக்கு முன்கூட்டியே சொன்னவர், அவளுக்கு அதையும் சொல்லவில்லை. இதை அவள் சொல்லிக் கேட்டபோது எனக்கு இரக்கம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. பையைப் பிடித்திருந்த அவள் விரல்களைத்தான் பார்த்தேன். எல்லாம் நேராக இருந்தன, எல்லாம் மடங்கின. அவள் என் கையைப் பார்த்தாள். பார்த்துவிட்டுக் கண்ணை எடுத்துக்கொண்டாள்.

"எப்ப வாராரு?"

"சாயந்திரம். மலைலேருந்து எறங்கிருவாரு."

அதற்குள் அத்தை வந்துவிட்டாள். அவளும் இவளை அன்றுதான் முதலில் பார்க்கிறாள். ஏற இறங்கப் பார்த்தாள்.

"என் பேரன் எங்க?"

"பக்கத்து வீட்டுல விட்டுட்டு வந்தேன் அத்தை."

"அவனக் கூட்டியாராம ஜோடத் தூக்கிட்டு வந்திருக்கா. உள்ள வந்திராத, அங்கனயே நில்லு." உள்ளே போய்விட்டாள்.

நான் உலர்ந்த அரிசி மாவு கொண்டுவந்தேன். மகளுடைய முகப்பவுடர் டப்பாவில் அடியில் கொஞ்சம் இருந்தது, அதையும் எடுத்துக்கொண்டேன். தொழுவத்தில் உட்கார்ந்தோம். கறை மேல் மாவைக் கனமாகத் தூவி, ஊற வைத்து, தட்டி உதிர்த்து, மறுபடி தூவச் சொன்னேன். எண்ணெயைக் கொஞ்சம் கொஞ்சமாக மாவு இழுத்தது. நான் சொல்லச் சொல்ல அவள் செய்தாள். வெளியே கோயில் பக்கமிருந்து கொட்டுச் சத்தம் கேட்டது. கருப்பு வெளுத்தது. ஆனால் போகவில்லை. வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்தால் ஓரம் கட்டித் தெரிந்தது.

"தெரியுதா அக்கா?"

தெரியவில்லை என்று சொல்லியிருக்கலாம். போகிற வழியிலாவது நிம்மதியாகப் போயிருப்பாள்.

"தெரியுது" என்றேன். "இதுக்கு மேல இது தேறாது. நீ இன்னைக்குப் போகாத."

"போகாம எங்க இருக்க?"

 அந்த வீட்டில் எனக்கே இடம் பொங்கிப்போடுவதற்குத்தான். 

"பிள்ள அங்கன கெடக்கு" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு எழுந்தாள்.

அவளை நிறுத்தி எனக்குத் தெரிந்ததையெல்லாம் சொன்னேன். கான்வாஸை வெயிலில் வைக்காதே. தோலை நெருப்பில் காட்டாதே. உமி அடைத்து வை. மெழுகைச் சூடாகத் தடவாதே, ஆறவிட்டுத் தடவு. வெல்வெட்டை எதுவும் படாமல் வை. அவள் வாய்ப்பாடு படிக்கிற பிள்ளை மாதிரி ஒவ்வொன்றையும் உதட்டுக்குள் திருப்பிச் சொல்லிக்கொண்டாள். ஜோடைப் பையில் போட்டுக்கொண்டு, திருவிழாக் கூட்டத்துக்குள் போய்விட்டாள்.

பத்துப் பதினைந்து நாள் கழித்துக் கண்டக்டரைக் கடைத்தெருவில் பார்த்தேன். நான் கேட்காமலே சொன்னார். புளியங்குடி அம்மா குளிக்கிற இடத்தில் வழுக்கி விழுந்துவிட்டாளாம், ஆஸ்பத்திரியில் வைத்திருந்து இப்போதுதான் கூட்டிவந்தார்களாம். சொல்லும்போது அவர் என் கையைப் பார்க்கவில்லை.

அடுத்த வருஷம் அவருக்கு வடக்கே மாற்றலாயிற்று. ரயில் ஏற எங்கள் ஊருக்குத்தான் வர வேண்டும். தாயாரிடம் சொல்லிக்கொண்டு போக வீட்டுக்கு வந்தார். அத்தை அழுதாள், திருநீறு பூசினாள், பேரனை ஒருதரம் கண்ணில் காட்டிவிட்டுப் போ என்றாள். "நேரமில்ல" என்றார். என்னைப் பார்க்கவில்லை. மகளைப் பார்த்து, "வளரவே இல்லையே இவ" என்றார்.

தெருமுனையில் கூண்டு வண்டி நின்றது. புளியங்குடிக்காரி உள்ளே உட்கார்ந்திருந்தாள். நான் நடையிலிருந்து அவள் கையைப் பார்க்கப் பார்த்தேன். இரண்டு கையையும் முந்தானைக்குள் வைத்திருந்தாள். பையன் மட்டும் வண்டியின் பின்பக்கம் காலைத் தொங்கப்போட்டுக்கொண்டு உட்கார்ந்து, எங்கள் வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். வண்டி நகர்ந்ததும் என் மகளைப் பார்த்துக் கையை ஆட்டினான்.

"யாரும்மா அது?" என்றாள்.

"உன் தம்பி."

அவளும் கையை ஆட்டினாள். வண்டி ஸ்டேஷன் ரோட்டில் திரும்பும்வரை ஆட்டிக்கொண்டிருந்தாள். அத்தை உள்ளேயிருந்து உலை கொதிக்கிறது என்று கூப்பிட்டாள். நான் போய் அரிசியைக் களைந்து போட்டேன்.